யூதக் கல்லறைக் கற்களைப் படிக்க வருவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போலந்தின் தென்கிழக்கிலும் உக்ரைனின் மேற்கிலுமாகப் பிரிந்து கிடக்கும் பழைய கலீசியாவின் யூதக் கல்லறைகளுக்குக் கோடைதோறும் புதிய தன்னார்வலர்கள் வருகிறார்கள். சிலர் தாத்தாவின் தகப்பனார் பெயரைத் தேடி வெளிநாட்டிலிருந்து வருபவர்கள். சிலர் அதே ஊரில் பிறந்து வளர்ந்து, தெருக்கோடியில் புதர் மண்டிக் கிடக்கும் நிலம் யாருடையது என்று கேட்கத் தொடங்கியவர்கள். இரு சாராரின் அக்கறையிலும் எனக்கு ஐயமில்லை. ஆனால் இந்தக் கற்களைப் படித்துப் பதிவு செய்துவரும் நாங்கள் தொடக்கத்தில் செய்த பிழைகளையே இவர்களும் வரிசை மாறாமல் செய்துகொண்டிருக்கிறார்கள். சனிக்கிழமையும் பண்டிகை நாள்களிலும் போகக் கூடாது, ஆண்கள் தலையை மூடிக்கொள்ள வேண்டும், சாய்ந்த கல்லின் மீது ஏறக் கூடாது என்பனவற்றை நுழைவாயிலிலேயே யாராவது சொல்லிவிடுவார்கள். அங்கே சொல்லப்படாதவற்றை மட்டும் எழுதுகிறேன்.

எழுத்துக்கு வண்ணம் தீட்டுவது

இந்தப் பட்டியலில் எனக்கு இன்றுவரை ஆறாத எரிச்சலைத் தருவது இதுதான். மழையிலும் பனியிலும் தேய்ந்த மணற்கல்லில் எழுத்து மங்கலாகத் தெரியும்போது, அதைப் 'பளிச்சென்று' ஆக்கிவிட வேண்டும் என்ற ஆசை எல்லோருக்கும் வருகிறது. ஒரு சிறு டப்பா கறுப்பு எனாமல் பெயிண்டும் மெல்லிய பிரஷ்ஷும் வாங்கிக்கொண்டு, பள்ளம் போலத் தெரியும் இடத்தையெல்லாம் நிரப்பிவிடுகிறார்கள். தீட்டுபவர்களில் பெரும்பாலோருக்கு எபிரேய எழுத்து சரியாகத் தெரியாது. தெரிந்தவர்களுக்கும்கூட, தேய்ந்த கல்லில் எது உளியின் பள்ளம், எது மழை அரித்த பள்ளம் என்று கண்டுகொள்வது எளிதன்று.

எபிரேயத்தில் எழுத்துகளே எண்களாகவும் பயன்படுகின்றன என்பதால், எழுத்துப்பிழை ஆண்டுப்பிழையாகவும் ஆகிவிடுகிறது. ஹே என்ற எழுத்து ஐந்தைக் குறிக்கும். ஹெத் என்ற எழுத்து எட்டைக் குறிக்கும். இரண்டுக்கும் வடிவத்தில் உள்ள வேறுபாடு ஒன்றே: ஹே எழுத்தின் மேற்கோட்டுக்கும் இடப்பக்கக் காலுக்கும் நடுவே ஒரு சிறு இடைவெளி இருக்கும், ஹெத் எழுத்தில் அது இராது. ஒரு சிற்றூரில், ஒரு பெண்ணின் கல்லில் இருந்த அந்த இடைவெளியைப் பெயிண்ட் மூடிவிட்டது. யூத ஆண்டுக் கணக்கில் ஆயிரத்தை விட்டுவிட்டு 635 என்று செதுக்கப்பட்டிருந்த ஆண்டு 638 ஆயிற்று (பொது ஆண்டாக மாற்றும் முறையைக் கீழே சொல்கிறேன்). அதாவது 1875ஆம் ஆண்டில் இறந்தவர் 1878இல் இறந்தவராக ஆனார்.

மூன்றாண்டு வேறுபாடு பெரிய விஷயமா என்று கேட்கலாம். அந்த ஊர்ப் பிறப்புப் பதிவேட்டில், 1877இன் தொடக்கத்தில் அதே வீட்டில் ஓர் ஆண் குழந்தை பிறந்ததாகவும், தாயின் பெயர் கல்லில் உள்ள பெயரன்று, வேறொன்று என்றும் எழுதப்பட்டிருந்தது. கல்லைத் தீட்டிய குடும்பத்தினர், 1878 வரை மனைவி உயிரோடு இருந்தாரே என்று எண்ணி, இரண்டு பெயரும் ஒரே பெண்ணுடையவை என்று முடிவு செய்தார்கள். யூதப் பெண்களுக்கு எபிரேயப் பெயர் ஒன்றும், அன்றாடப் பேச்சுமொழியான இத்திஷில் பெயர் ஒன்றுமாக இரண்டு இருப்பது வழக்கமாதலால் அந்த முடிவு நம்பத்தக்கதாகவும் இருந்தது. உண்மையில் முதல் மனைவி 1875இல் இறந்துவிட, கணவர் மறுமணம் செய்துகொண்டார். குழந்தையைப் பெற்றவர் இரண்டாம் மனைவி. அவருடைய கல் அதே கல்லறையில், இரண்டு வரிசை தள்ளி, கணவரின் பெயரோடு இருக்கிறது. அவர் வயிற்றில் பிறந்த வழியினரே அவரை யாரோ என்று கடந்து போயிருக்கிறார்கள். இதற்குள் அந்தத் தவறான கொடிவழியைப் பலர் படியெடுத்துத் தங்கள் குடும்ப மரங்களில் சேர்த்துவிட்டார்கள்.

பிழை வெளிப்பட்டது இரண்டு காரணங்களால். தீட்டுவதற்கு முன்பு வேறொருவர் எடுத்திருந்த புகைப்படத்தில் அந்த இடைவெளி தெரிந்தது. மேலும், கல்லில் யூத நாள்காட்டியின் சீவான் மாதம் 11ஆம் தேதி, வாரத்தின் இரண்டாம் நாள், அதாவது திங்கள் என்று இருந்தது. சீவான் 11 என்பது 1875இல் ஜூன் 14, திங்கட்கிழமை. 1878இல் அது ஜூன் 12, புதன்கிழமை. கல்லில் கிழமை இருந்தால் அதைக்கொண்டு ஆண்டைச் சரிபார்க்க வேண்டும் என்பது இந்தப் பணியின் பால பாடம். பெயிண்டை நம்பியவர்களுக்கு அதற்கான தேவையே தோன்றவில்லை.

இந்தக் கற்கள் ஒரு காலத்தில் பல வண்ணங்களில் தீட்டப்பட்டவைதானே, நாங்கள் பழைய வழக்கத்தைத்தானே தொடர்கிறோம் என்று சிலர் வாதிடுகிறார்கள். கிழக்கு ஐரோப்பியக் கற்களில் சிவப்பும் நீலமும் பச்சையும் இருந்தன என்பது மெய். ஆனால் அன்று தீட்டியவர்கள் இறந்தவரை அறிந்தவர்கள். அவர்களுக்கு எழுத்தை ஊகிக்க வேண்டிய தேவை இல்லை. செதுக்கலின் மூலைகளில் இன்றும் ஒட்டிக்கொண்டிருக்கும் அந்தப் பழைய வண்ணத் துகள்களை எனாமல் முதலில் மூடிவிடுகிறது. அதோடு எனாமல் கல்லின் மேல் ஒரு படலமாக நிற்கும். உள்ளே சென்ற ஈரம் வெளியேற முடியாமல் குளிர்காலத்தில் உறைந்து விரிய, படலம் உரியும்போது மணற்கல்லின் மேற்பரப்பையும் சேர்த்து உரித்துக்கொண்டு வருகிறது. கரைப்பான் கொண்டு நீக்க முயன்றாலும் தளர்ந்த மணல்துகள்கள் கூடவே போய்விடும். ஆகவே இந்தப் பிழையைத் திருத்த வழி அநேகமாக இல்லை.

செய்ய வேண்டியது வெளிச்சத்தைத் திருப்புவதுதான். கல்லின் முகத்தை உரசிச் செல்லும் பக்கவாட்டு ஒளியில், கண்ணுக்கே தெரியாத பள்ளங்கள்கூட நிழலாக எழுந்து நிற்கும். கிழக்கு நோக்கிய கல்லுக்குக் காலை வெயில் உதவாது. அது நேராக விழுந்து நிழலை அழித்துவிடும். சூரியன் தெற்கே நிற்கும் நண்பகலை ஒட்டிய நேரமே அதற்கு உகந்தது. மரநிழலில் இருக்கும் கல்லுக்கு, இன்னொருவர் தொலைவில் நின்று ஒரு பெரிய நிலைக்கண்ணாடியால் வெயிலைப் பக்கவாட்டில் திருப்பிவிட்டால் போதும். பல கோணங்களில் விளக்கை வைத்து எடுத்த படங்களைக் கணினியில் இணைத்துப் படிக்கும் முறையும் இப்போது பரவலாகிவிட்டது. இவற்றில் எதுவும் கல்லைத் தொடுவதில்லை.

கம்பி பிரஷ், பிளீச்சிங், சவர நுரை, சாக்குக்கட்டி

நான்கும் கூடாது. சுத்தமான தண்ணீரும் மிருதுவான பிரஷ்ஷும் போதும். கல் பொடிந்து உதிர்வதாக இருந்தால் அவையும் வேண்டாம்.

ஆண்டைக் கணக்கிடும் அவசரம்

பெரும்பாலான கற்களில் ஆயிரத்தை விட்டுவிட்டு ஆண்டின் மற்ற இலக்கங்களை மட்டும் செதுக்கியிருப்பார்கள். அதனுடன் 1240 கூட்டினால் பொது ஆண்டு கிடைக்கும் என்பதைப் புதியவர்கள் உடனே கற்றுக்கொள்கிறார்கள். யூதப் புத்தாண்டு திஷ்ரி மாதத்தில், செப்டம்பரை ஒட்டித் தொடங்குகிறது என்பதை மறந்துவிடுகிறார்கள். அந்த மாதத்திலிருந்து டிசம்பர் முடியும்வரை நேர்ந்த இறப்புகளுக்கு 1239 கூட்ட வேண்டும். நாள் சூரியன் மறைவில் தொடங்குவதால், மாலையில் இறந்தவரின் அரசுப் பதிவு கல்லைவிட ஒரு நாள் முந்தியிருக்கலாம். 19 ஆண்டுகளில் ஏழு ஆண்டுகளுக்கு அதார் மாதம் இரண்டு முறை வரும். ஏமனிலும் ஏதெனிலும் உள்ள கற்களில் வேறொரு தொடக்கத்திலிருந்து எண்ணும் செலூக்கிய ஆண்டுக் கணக்கைக் காணலாம். அங்கே இந்த வாய்பாடு எதுவும் உதவாது.

இவற்றையெல்லாம்விட வேடிக்கையான ஒன்று உண்டு. கல்லின் அடியில் ஐந்தெழுத்துச் சுருக்கம் ஒன்று வரும். 'அவருடைய ஆன்மா வாழ்வின் கட்டிலே கட்டப்பட்டிருக்கட்டும்' என்று, முதல் சாமுவேல் நூலின் 25ஆம் அதிகாரத்திலிருந்து எடுத்த வாழ்த்து அது. அந்த ஐந்தெழுத்தையும் எண்ணாகக் கூட்டினால் 547 வரும். ஆகவே 1787இல் இறந்தவர்களின் பட்டியல் ஒன்று எங்களுக்கு அவ்வப்போது வந்து சேர்கிறது.

'ரெப்' என்று கண்டால் ரபி என்று எழுதுவது

ரபி என்றால் யூத மதகுரு. 'ரெப்' என்பதோ பெரும்பாலும் 'திரு' என்பதற்கு மேல் எதுவுமில்லை.

பொருளை மட்டும் எழுதிக்கொள்வது

பெயர், தேதி, தந்தை பெயர் என்று மூன்று கட்டங்களை நிரப்பிவிட்டுப் போய்விடுகிறார்கள். கல்லில் உள்ளபடியே, வரி வரியாக, உடைந்த எழுத்துக்கு உடைந்ததென்ற குறியிட்டுப் படியெடுத்து வைத்தால்தான் பின்னால் வருபவர் உங்கள் வாசிப்பைச் சோதிக்க முடியும். கல்வெட்டு ஆய்வாளர்கள் மைப்படியை வைத்துக்கொண்டு பல ஆண்டுகளுக்குப் பிறகும் வாதிடுவது போல, இங்கும் வாதத்துக்கு இடம் வேண்டும். சில கற்களில் ஆண்டை எண்ணாகச் செதுக்காமல், ஒரு வேத வரியில் சில எழுத்துகளுக்கு மட்டும் மேலே புள்ளியிட்டு, அவற்றைக் கூட்டி அறிந்துகொள்ளும்படி விட்டிருப்பார்கள். வரியின் பொருளை மட்டும் எழுதியவர் ஆண்டையே தொலைத்தவராவார். கல்லின் முதுகையும் பக்கங்களையும் படமெடுங்கள். போலிஷ் அல்லது ஜெர்மன் வரிகள் பின்புறத்தில் இருப்பது உண்டு. அக்கம்பக்கத்துக் கற்களும் தெரியும்படி ஒரு விரிந்த படமும் வேண்டும்.

நிற்கும் கல்லைப் புதைகுழி என்று கொள்வது

கல் இருக்கும் இடத்தில் ஆள் இருக்க வேண்டும் என்பதில்லை. பிராகின் பழைய யூதக் கல்லறையில் 1439 முதல் 1787 வரை இடமின்மையால் மண்ணைக் கொட்டி அடுக்கடுக்காகப் புதைத்தார்கள். கீழடுக்கின் கற்களை மேலே தூக்கி நட்டார்கள். அதனால் நூற்றாண்டு இடைவெளி உள்ள இருவரின் கற்கள் தோளோடு தோள் உரசி நிற்கும். அங்கே 'பக்கத்தில் இருப்பவர் உறவினர்' என்ற ஊகம் செல்லாது. கிராகோவின் பிளாஷோவ் வதைமுகாமை இரண்டு யூதக் கல்லறைகளின் மேல் கட்டிய நாஜிகள், கற்களைப் பெயர்த்துச் சாலைக்குப் பாவினார்கள். கிரேக்கத்தின் தெசலோனிகியில் 1942 டிசம்பரில் அழிக்கத் தொடங்கிய பெருங்கல்லறையின் கற்கள் நகரெங்கும் கட்டுமானத்துக்குப் போயின. அந்த நிலத்தில் இன்று பல்கலைக்கழகம் இருக்கிறது. இப்படிச் சிதறியவை சாலையிலிருந்தும் முற்றங்களிலிருந்தும் மீட்கப்பட்டுத் திரும்பும்போது, கிராகோவின் ரெமு கல்லறைச் சுவரைப் போல நினைவுச்சுவராக எழுப்பப்படுகின்றன. அவற்றைப் பதியும்போது 'கல் கிடைத்த இடம்', 'கல் இப்போது இருக்கும் இடம்' என்று இரண்டையும் தனித்தனியே எழுத வேண்டும்; 'புதைகுழி' என்ற கட்டத்தை வெறுமையாக விட வேண்டும்.

நம் பக்கத்திலும் இதுவே நிலை. கேரளத்தின் சேந்தமங்கலத்தில் இஸ்ரவேலின் மகள் சாராவின் 1269ஆம் ஆண்டுக் கல் இன்று தொழுகைக்கூடத்தின் முன்னே நிற்கிறது. சென்னையில் மின்ட் தெருப் பகுதியிலிருந்த யூதக் கல்லறையின் கற்கள் லாயிட்ஸ் சாலைக்குக் கொண்டுவரப்பட்டவை.

சிமெண்ட்

உடைந்த மணற்கல்லைச் சிமெண்டால் ஒட்டாதீர்கள். கல்லைவிடச் சிமெண்ட் கடினமானது. அடுத்த விரிசல் கல்லில்தான் விழும்.

மண்ணைத் தோண்டுவது

பாதி புதைந்த கல்லின் கடைசி வரியைப் படிக்கவென்று மண்வெட்டி எடுப்பவர்களுக்கு: யூதச் சமயச் சட்டத்தில் புதைகுழி என்றென்றும் இறந்தவருக்கே உரியது. போலந்தில் கல்லறைகளுக்கென்று ரபிகளின் ஆணையம் ஒன்று இருக்கிறது. அதன் அனுமதியின்றி ஒரு பிடி மண்ணையும் அகற்றாதீர்கள்.

குடும்பப் பெயரைத் தேடி அலைவது

கலீசியாவின் யூதர்களுக்குக் குடும்பப் பெயர் கட்டாயமானது 1787இல், ஆஸ்திரியப் பேரரசர் இரண்டாம் ஜோசப்பின் ஆணையால். அதன் பிறகும் நெடுங்காலம் எபிரேயக் கற்களில் அந்தப் பெயர் வருவது அரிது. இன்னாரின் மகன் இன்னார் என்பதோடு நின்றுவிடும். பதிவேட்டிலோ வேறொரு குழப்பம்: சமயச் சடங்கின்படி மட்டும் மணந்தவர்களின் திருமணத்தை அரசு ஏற்காததால், பிள்ளைகள் தாயின் குடும்பப் பெயரில் பதியப்பட்டார்கள். எனவே கல்லில் தந்தையின் பெயரையும் பதிவேட்டில் தாயின் பெயரையும் பிடித்துக்கொண்டு, இறந்த தேதியை நடுவே வைத்து இரண்டையும் பொருத்திப் பாருங்கள். குடும்பப் பெயரைக் கடைசியில் தேடினால் போதும்.