மூணாறு மலையில் முன்னோரைத் தேட: முதலில் பதிவேடு, பிறகு கல்லறை

மூணாறு, தேவிகுளம், பீர்மேடு பக்கம் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்த தாத்தா, பூட்டனைத் தேடுகிறவர்கள் பலரும் நேரே கல்லறைத் தோட்டத்துக்குப் போய்விடுகிறார்கள். போகத்தான் வேண்டும், ஆனால் முதல் வேலையாக அல்ல. லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், இருந்த குடும்பங்களில் கல் வைத்தவர்கள் குறைவு. மரச்சிலுவை நட்டிருப்பார்கள், அந்த மழைக்கு அது எத்தனை வருஷம் நிற்கும்? பழைய மூணாறு சி.எஸ்.ஐ. ஆலயத்துக்குப் பின்னால் குன்றில் உள்ள கல்லறைத் தோட்டம் ஆலயத்தைவிட மூத்தது. 1894இல் காலராவில் இறந்த எலினார் நைட் என்ற இளம்பெண்ணின் கல்லறையோடு தொடங்கியது. ஆலயத்துக்கு அடிக்கல் நாட்டியது 1910இல்தான். அங்கே இன்றும் பெயர் தெளிவாகத் தெரிகிற கற்களில் பல துரைமார் குடும்பங்களுடையவை. என் அப்பாவின் தாத்தா எனக்குக் கிடைத்தது அடக்கப் பதிவேட்டில், ஒரே ஒரு வரியாக. அந்த வரியில்தான் அவருடைய சொந்த ஊர் இருந்தது.

வீட்டில் தொடங்குங்கள்

மூன்று விஷயம் தெரிந்தால் போதும்: எந்த எஸ்டேட், அதில் எந்த டிவிஷன் (எஸ்டேட்டின் உட்பிரிவு), எந்தச் சபை. பெயர்கூட அப்புறம்தான். வயதானவர்களிடம் “எந்த வருஷம் இறந்தார்?” என்று கேட்டால் பதில் வராது. “தொண்ணூற்றொன்பது வெள்ளத்துக்கு முன்னாலா, பின்னாலா?” என்று கேளுங்கள், சட்டென்று சொல்வார்கள். மலையாள ஆண்டுக் கணக்கான கொல்லம் ஆண்டு 1099இல், அதாவது 1924 ஜூலையில், மூணாறையே புரட்டிப்போட்ட வெள்ளம் அது.

பதிவேட்டைப் பார்ப்பது

ஞாயிற்றுக்கிழமை போகாதீர்கள். வார நாளில், என்ன தேடுகிறோம் என்று ஒரு பக்கக் கடிதம் எழுதி எடுத்துக்கொண்டு சபைப் போதகரையோ பங்குத்தந்தையையோ பாருங்கள். ஆலயப் பணியாளரான கப்பியாரிடமும் மறக்காமல் பேசுங்கள். எந்த அலமாரியில் எந்தப் புத்தகம் இருக்கிறது என்பது பல இடங்களில் அவருக்குத்தான் தெரியும்.

புத்தகம் கையில் வந்ததும் பெயரைத் தேடிப் பக்கம் புரட்ட வேண்டாம். முதலில் தலைப்புகளைப் பாருங்கள்: இறந்த நாள், அடக்கிய நாள், பெயர், வயது, தொழில், இறந்த காரணம். எல்லாப் பக்கத்திலும் தலைப்பு எழுதியிருக்க மாட்டார்கள். அதனால் அட்டை, தலைப்புள்ள பக்கம், உங்களுக்கு வேண்டிய பக்கம் மூன்றையும் முழுதாகப் படமெடுங்கள். ஒரு வரியை மட்டும் எடுத்தால் ஓரக்குறிப்பு போய்விடும். நான் சொன்ன வரியில் தொழில் என்ற இடத்தில் “கூலி”, வயது “40”, அதற்குப் பக்கத்து ஓரத்தில், பழுப்பேறிய மையில், பொடி எழுத்தில் ஊர்ப்பெயர். அந்த ஊரை வைத்துத்தான் திருநெல்வேலிப் பக்கத்து ஞானஸ்நானப் பதிவேட்டுக்குப் போக முடிந்தது.

வயதை நம்பிப் பிறந்த வருஷம் கணக்குப் போடாதீர்கள். 30, 40, 60 என்று வட்டமாக இருந்தால் அது பாதிரியார் பார்வையில் போட்ட மதிப்பு. முன்னும் பின்னும் ஐந்து வருஷம் விட்டுத் தேடுங்கள்.

கத்தோலிக்கப் பதிவேடு லத்தீனில் இருக்கலாம். வீட்டில் ராயப்பன் என்று கூப்பிட்டவர் அதில் பேத்ருஸ், சின்னப்பன் பவுலுஸ், அருளப்பன் யோவான்னெஸ், சூசை யோசேப்புஸ்.

கொல்லம் ஆண்டு: இங்கேதான் நிதானம் வேண்டும்

நான் வெகுநாள் சிக்கிக்கிடந்த இடம் இது. இந்த மலை திருவிதாங்கூர் அரசில் இருந்தது. அரசுத் தாள்கள் கொல்லம் ஆண்டில் இருக்கும். நெய்யாற்றின்கரை, பாறசாலைப் பக்கம் கல்லறைகளிலும் அதைப் பார்க்கலாம். கல்லில் “1085” என்று இருந்தால், 1885தான் தேய்ந்துபோயிருக்கிறது என்று நினைக்கத் தோன்றும். தேயவில்லை, அது கொல்லம் ஆண்டு.

மாற்றுவது எளிது, ஆனால் மாதம் தெரிய வேண்டும். கொல்லம் ஆண்டு பிறப்பது சிங்ஙத்தில், நம் ஆவணியில். சிங்ஙம் முதல் தனு (மார்கழி) பாதிவரை 824 கூட்டுங்கள். தனு பாதியில் ஜனவரி பிறந்துவிடும். அதிலிருந்து கர்க்கடகம் (ஆடி) முடிய 825. ஆக 1085 கன்னி (புரட்டாசி) என்றால் 1909. 1085 மகரம் (தை) என்றால் 1910. மாதம் இல்லாவிட்டால் இரண்டு வருஷத்தையும் சேர்த்தே குறித்து வையுங்கள்.

பழைய தமிழ்க் கல்லாக இருந்தால் எண்ணும் தமிழில் இருக்கலாம்: ௧௮௯௪ என்பது 1894. ௵ வருஷம், ௴ மாதம், ௳ தேதி. கையெழுத்தில் புள்ளி வைக்காமல் எழுதுவதும் வழக்கம்.

கல்லறைத் தோட்டத்தில்

ஜனவரி, பிப்ரவரி நல்லது. மழைக்காலத்தில் அட்டை காலை விடாது, எழுத்தும் தெரியாது. நவம்பர் 2, கல்லறைத் திருநாள் அன்று போனால் இன்னும் நல்லது. குடும்பங்கள் வந்து சுத்தம் செய்து மெழுகுவர்த்தி ஏற்றுவார்கள். எந்தக் குழி யாருடையது என்று அன்றைக்குக் கேட்டால் பத்துப் பேர் சொல்வார்கள்.

எழுத்து மங்கியிருந்தால் டார்ச்சைக் கல்லின் பக்கவாட்டில், கல்லை ஒட்டிப் பிடியுங்கள். பள்ளத்தில் நிழல் விழுந்து எழுத்து எழும்பும். வெறும் தண்ணீரும் மெல்லிய பிரஷும் போதும். சாக்பீஸ், கம்பி பிரஷ், ஆசிட் மூன்றையும் தொடவே கூடாது. நூறு வருஷம் நின்ற எழுத்து ஒரு தேய்ப்பில் போய்விடும், அடுத்து வருகிறவர்களுக்கு ஒன்றும் மிஞ்சாது.

குழியே இல்லையென்றால் மனம் தளராதீர்கள். இடநெருக்கடியால் பழைய குழியைத் திறந்து, எலும்புகளை அஸ்திக்குழியில் சேர்த்துவிடுவது கேரளத்தில் உள்ள வழக்கம். கல் போனாலும் பதிவேட்டில் வரி இருக்கும். ஓய்வுபெற்று ஊர் திரும்பியவர் என்றால் மலையில் தேடிப் பயனில்லை, கீழே தேடுங்கள்.

குறித்து வைக்க எனக்குப் பிடித்தது கூகுள் ஷீட்ஸ். வம்சாவளி மென்பொருள் எதற்கும் அவசரப்பட்டுப் பணம் கட்ட வேண்டாம். வம்ச மரம் பெரிதானால் இலவசமாகக் கிடைக்கும் கிராம்ப்ஸ் மென்பொருள் போதும்.

பின்சேர்க்கை

“நாங்கள் இந்துக்கள், எங்களுக்குப் பதிவேடு ஏது?” என்று பலர் எழுதியிருந்தார்கள். நியாயமான கேள்வி. டிவிஷன் இடுகாட்டில் புதைத்ததற்குச் சபைப் புத்தகம் போல ஒன்று கிடையாது. பரணில் பதினாறாம் நாள் காரிய அட்டை, மொய் நோட்டு இருக்கிறதா பாருங்கள்; மொய் நோட்டில் சொந்தக்காரர்களின் ஊர்ப்பெயர் வரிசையாக இருக்கும். அடுத்தது பஞ்சாயத்து இறப்புப் பதிவு. 1969ஆம் ஆண்டுப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம், 17ஆம் பிரிவின்படி, கட்டணம் கட்டி யார் வேண்டுமானாலும் பதிவைத் தேடச் சொல்லி நகல் கேட்கலாம். இறந்த காரணத்தை மட்டும் நகலில் தர மாட்டார்கள், சட்டமே அப்படி. விண்ணப்பம் மலையாளத்தில் இருந்தால் வேலை விரைவாக நடக்கும். எஸ்டேட், டிவிஷன் பெயரைக் கட்டாயம் எழுதுங்கள். இடுக்கி மாவட்டம் பிறந்தது 1972இல்; அதற்கு முந்தைய தாள்களில் தேவிகுளமும் பீர்மேடும் கோட்டயம் மாவட்டத்தின் கீழ் இருக்கும், அங்கேயும் கேளுங்கள்.