ஒலியைக் கேட்கும் படிகம்: ரோஷெல் உப்பை வீட்டிலேயே வளர்ப்பது எப்படி?

பேசியதையெல்லாம் தனக்குள் பூட்டி வைத்து, தட்டினால் திருப்பிச் சொல்லும் படிகம் கற்பனைக் கதைகளில்தான் இருக்கிறது. ஆனால் ஒலியை மின்சாரமாகவும், மின்சாரத்தை ஒலியாகவும் மாற்றும் படிகத்தைச் சமையலறைப் பொருள்களிலிருந்தே வளர்த்துவிடலாம். அதுதான் ரோஷெல் உப்பு. 17ஆம் நூற்றாண்டில் பிரான்சின் லா ரோஷெல் ஊரில் பேதி மருந்தாகப் பிறந்தது. 1880இல் கியூரி சகோதரர்கள், அழுத்தினால் மின்சாரம் பிறக்கும் அழுத்த மின்விளைவைக் கண்டறிந்தபோது ஆராய்ந்த படிகங்களில் இதுவும் ஒன்று. பழைய கிராமபோன்களில் இசைத்தட்டின் பள்ளத்தைப் 'படித்த' முனைகள் பலவற்றில் இருந்ததும் இதுவே.

தேவையானவை: கிரீம் ஆஃப் டார்ட்டர் (கேக் செய்யப் பயன்படும் புளிப்பான வெண்தூள்) 200 கிராம், சமையல் சோடா 90 கிராம், காய்ச்சி வடித்த நீர் 250 மி.லி., வடிதாள், மெல்லிய நைலான் நூல், கிராம் காட்டும் தராசு, வெப்பமானி. பாத்திரம் குறைந்தது ஒரு லிட்டர் கொள்ள வேண்டும். கண்ணாடிப் பாத்திரமோ எவர்சில்வரோ போதும், அலுமினியம் வேண்டாம்.

படி 1: சோடாவை வறுத்தல்

சமையல் சோடாவைத் தட்டில் மெல்லிசாகப் பரப்பி, 200 டிகிரி செல்சியஸ் சூட்டில் ஓவனில் ஒரு மணி நேரம் வையுங்கள். நீராவியும் கரியமில வாயுவும் வெளியேறி அது சலவை சோடாவாக மாறும். முடிந்ததா என்பதைத் தராசுதான் சொல்லும்: 90 கிராம் ஏறக்குறைய 57 கிராமுக்கு இறங்கியிருக்க வேண்டும். 65இல் நின்றால் இன்னும் கொஞ்சம் வறுக்க வேண்டும். இந்தத் தூள் கண்ணில் பட்டால் எரியும். பாதுகாப்புக் கண்ணாடி போட்டுக்கொள்ளுங்கள்.

படி 2: கரைசல்

கிரீம் ஆஃப் டார்ட்டரைத் தண்ணீரில் கலந்து, அந்தப் பாத்திரத்தைக் கொதிநீருள்ள பெரிய பாத்திரத்துக்குள் வையுங்கள். சூடானாலும் அது முழுதாகக் கரையாது. பால் போலத்தான் இருக்கும், பயப்பட வேண்டாம். வறுத்த சோடாவை அரை டீஸ்பூன் போட்டுக் கலக்குங்கள். நுரை பொங்கி அடங்கிய பிறகுதான் அடுத்த அரை ஸ்பூன். மொத்தத்தில் 12, 13 லிட்டர் வாயு வெளிவரும் என்பதால், அவசரப்பட்டு மொத்தமாகக் கொட்டினால் பாதிக் கரைசல் அடுப்பு மேடையில்தான் இருக்கும். சோடா தீரும் தறுவாயில் பால் நிறம் போய்க் கரைசல் தெளியும். புதிதாகப் போட்டது பொங்காவிட்டால் அதோடு நிறுத்திவிடுங்கள். சூடு ஆறுமுன் வடிகட்டுங்கள், ஆறினால் வடிதாளிலேயே உறைந்துவிடும்.

மூடி, அசையாத இடத்தில் இரண்டு நாள் வைத்தால் அடியில் படிகங்கள் கட்டியிருக்கும். ஒன்றுமே வரவில்லை என்றால் தண்ணீர் அதிகம். திறந்து வைத்துக் கொஞ்சம் ஆவியாக விடுங்கள்.

படி 3: விதையும் வளர்ப்பும்

பொறுமை வேண்டியது இங்கேதான். அடியில் கட்டிய படிகங்கள் மேல் நிற்கும் நீர், அந்த அறை வெப்பநிலைக்குச் சரியாகத் தெவிட்டிய கரைசல், அதாவது இனி உப்பைக் கரைக்க முடியாத அளவு நிரம்பியது. அதை வேறு பாட்டிலில் வடித்து எடுங்கள். படிகங்களில் ஒரு சென்டிமீட்டர் அளவில், கண்ணாடி போலத் தெளிவாக உள்ள ஒன்றை விதையாக வைத்துக்கொள்ளுங்கள். மீதியில், 100 மி.லி. கரைசலுக்கு 10 கிராம் வீதம் போட்டு, வெந்நீரில் வைத்துச் சுமார் 50 டிகிரி வரை சூடாக்கி முழுதாகக் கரையுங்கள். ஒரு துகள் மிஞ்சினாலும் அதுவே உங்கள் விதைக்குப் போட்டியாக வளரும்.

கரைசல் அறை வெப்பநிலையைவிட 2, 3 டிகிரி கூடுதலாக இருக்கும் அளவுக்கு ஆறட்டும். விதையை நூலில் கட்டி, ஒரு நொடி வெறும் தண்ணீரில் முக்கி ஒட்டிய தூளைக் கழுவி, கரைசலின் நடுவில் தொங்கவிடுங்கள். விளக்குக்கு எதிரே பிடித்துப் பாருங்கள்: விதையைச் சுற்றி வெயில் நேரத்துச் சாலைக் கானல் போல மெல்லிய கோடுகள் தெரியும். கோடுகள் மேலே போனால் படிகம் வளர்கிறது. உப்பை இழந்த கரைசல் இலேசாகி எழும்புகிறது. கீழே இறங்கினால் விதை கரைகிறது, உடனே வெளியே எடுத்து இன்னும் ஆற விடுங்கள்.

பிறகு ஒரு தாளால் மூடி, வெயிலும் மின்விசிறிக் காற்றும் படாமல் வைத்துவிடுங்கள். வளர்ச்சி நின்றதும் படிகத்தை எடுத்துவிட்டு, சிறு படிகங்களைக் கரைத்து மறுபடி அதே சுற்று. நான்கைந்து சென்டிமீட்டர் நீளம் வந்தால் போதும். உள்ளே வெண்மேகம் தெரிந்தால் வேகமாக வளர்ந்து கரைசலை விழுங்கியிருக்கிறது என்று பொருள். அடுத்த முறை 10 கிராமை 6 ஆக்குங்கள். வெளியே எடுத்ததும் டிஷ்யூ தாளால் ஒற்றுங்கள். தண்ணீரில் அலசினால் முகங்கள் மழுங்கிவிடும்.

படி 4: காது வைத்தல்

எதிரெதிரே உள்ள இரண்டு அகன்ற பக்கங்களில் செப்பு நாடா ஒட்ட வேண்டும். ஒயரை முதலில் நாடாவில் சால்டர் செய்து, ஆறிய பிறகே படிகத்தில் ஒட்டுங்கள். 55 டிகிரியைத் தாண்டினால் படிகம் தன் நீரை இழந்து கெட்டுவிடும். நீரில் கரையும் பசையும் கூடாது.

ஒயரை ஆம்ப்ளிஃபயரில் கொடுத்து, பென்சிலால் படிகத்தைத் தட்டுங்கள். நேர் அழுத்தத்தைவிடச் சாய்வாகச் சறுக்கி இழுக்கும் விசைக்குத்தான் இது பேசும். ஆகவே மூலைகளில் சாய்த்துத் தட்டிப் பாருங்கள். எங்குமே சத்தம் இல்லையென்றால் நாடாவை அடுத்த இணைப் பக்கங்களுக்கு மாற்றுங்கள்.

கணினியின் மைக் துளையில் செருகிவிட்டு 'வேலை செய்யவில்லை' என்று படிகத்தைத் திட்டுபவர்கள் அதிகம். படிகம் ஒரு குட்டி மின்தேக்கி போன்றது. அது 500 பிக்கோஃபாரட் என்று வைத்துக்கொண்டால், 10 கிலோஓம் மின்தடை கொண்ட மைக் உள்ளீட்டில் 32 கிலோஹெர்ட்ஸுக்குக் கீழே எல்லாமே தேய்ந்துவிடும். காதுக்கு எட்டும் ஒலி முழுவதும் அதற்குள் அடக்கம். 1 மெகாஓம் என்றால் அந்த எல்லை ஏறக்குறைய 320 ஹெர்ட்ஸுக்கு இறங்கும். கிட்டார் ஆம்ப்ளிஃபயரின் உள்ளீடு பொதுவாக இந்த அளவில்தான் இருக்கும். 24 டிகிரியை ஒட்டிய வெப்பத்தில் படிகம் மிகக் கூர்மையாகக் கேட்கும்.

தொடக்கத்தில் சொன்ன, பேசியதைப் பூட்டி வைக்கும் சேமிப்பு என்னவாயிற்று என்று கேட்பவர்களுக்கு: −18 முதல் 24 டிகிரி வரை இதன் உள்மின்முனைவு (உள்ளே நேர், எதிர் மின்னூட்டங்கள் விலகி நிற்கும் நிலை) இரு திசைகளில் ஒன்றில் நிற்கும், வெளி மின்புலத்தால் திருப்பலாம். 1920இல் இயற்பியலாளர் ஜோசப் வலாசெக் கண்ட இந்தப் பண்பை, வேறு பொருள்களில், ஃபெரோமின் நினைவகச் சில்லுகள் பயன்படுத்துகின்றன. ஒலியை அல்ல, ஒன்று அல்லது சுழியை.

எல்லாம் சரியாக வந்த பிறகு படிகம் முழுக்க நிறமற்ற நகப்பூச்சை இரண்டு முறை பூசுங்கள். பூசாவிட்டால் மழைக்கால ஈரத்தில் கசியும், மிக வறண்ட காற்றில் வெளுத்து மாவாகும். விரிசல் விழுந்ததைத் தூக்கிப் போட வேண்டாம், மறுபடி கரைத்தால் அடுத்த படிகத்துக்கு உப்பு தயார்.