நடுகல்பாசி: கற்பனை மயக்கப் பொருளுக்குக் கணக்கு எழுதும் முறை

மாயக்கதைகளில் வரும் மயக்கப் பொருள்களுக்குப் பெரும்பாலும் ஒரு பெயரும் ஒரு நிறமும்தான் இருக்கும். நீலத்தூளைக் குடித்தான், வேறு உலகம் தெரிந்தது, அவ்வளவுதான். எவ்வளவு குடித்தான், எப்போது ஏறியது, எப்போது இறங்கியது, இறங்கும்போது எதைப் பறிகொடுத்தான்? இந்த நாலுக்கும் கணக்கு இல்லாவிட்டால் வாசகர் நம்ப மாட்டார். தகடூர்ச் சீமையில், அதாவது இன்றைய தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம், நடக்கிற ஒரு கதைக்காக அப்படி ஒரு பொருளை இங்கே அடியிலிருந்து கட்டிக் காட்டுகிறோம். பொருள் முழுக்கக் கற்பனை, மண் மட்டும் நிஜம்.

மூலத்தை ஊரிலேயே தேடுங்கள். தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் நடுகற்களுக்குக் குறைவில்லை. மாட்டு மந்தையைக் கவர வந்தவர்களோடு நடந்த சண்டையில் செத்தவனுக்கு ஒரு கல், புலியைக் குத்தி மாண்டவனுக்கு ஒரு கல். 'தொறு மீட்டுப் பட்டான்' என்று வட்டெழுத்தில், அதாவது பழைய தமிழ் எழுத்தில், வெட்டியிருப்பார்கள். தொறு என்றால் மாட்டு மந்தை, பட்டான் என்றால் செத்தான். தகடூரை ஆண்ட அதியமான் இறந்தபின் அவன் நடுகல்லுக்குப் பீலி, அதாவது மயில்தோகை, சூட்டி, நாரால் அரித்த கள்ளைச் சிறு கலத்தில் ஊற்றினார்கள் என்கிறது புறநானூற்றில் ஔவையின் பாட்டு. காலங்காலமாக மனிதர்கள் கல்லுக்கு ஊற்றிய கள்ளை, நம் உலகத்தில் கல் திருப்பித் தருகிறது. நம் விதி இது ஒன்றுதான். கல்மேல் படரும் பாசியைத் தின்றால் கல்லுக்குரியவனின் நினைவு வரும். ஒரு பொருளுக்கு ஒரு விதி போதும். இரண்டாவதைச் சேர்த்தால் அது மருந்தாக இருக்காது, வரமாகிவிடும். (நிஜ நடுகல்லில் யாரும் எதையும் சுரண்ட வேண்டாம், எழுத்து போய்விடும்.)

பிரியாணிக்குப் போடும் கல்பாசியைக் கையில் எடுத்துப் பாருங்கள். மேலே சாம்பல், அடியில் கருப்பு, ஓரம் சுருண்டிருக்கும். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் உயிர் அது. வெயிலில் காய்ந்து கிடக்கும், ஈரம் பட்டால் உயிர்க்கும். நம் நடுகல்பாசிக்கும் இதே குணத்தைக் கொடுத்தோம். அதனால் ஐப்பசி மழை விட்ட மூன்றாம் நாள்தான் எடுக்க முடியும். சித்திரையில் எடுத்தால் வெறும் தூசி.

சுரண்ட மூங்கில் சீவல்தான். இரும்பு ஆகாது. வீரன் இரும்பால் செத்தவன், இரும்பு பட்ட பாசி அவன் சாவை மட்டுமே காட்டும். இந்தத் தடைக்கு இந்த மண்ணில் எடை அதிகம். கிருஷ்ணகிரி மாவட்டத்து மயிலாடும்பாறை அகழாய்வில் கிடைத்த இரும்பின் காலம் கி.மு. 2172 என்று 2022-இல் அறிவித்தார்கள். வீட்டுக்கு வீடு இரும்பு புழங்கும் சீமையில் இரும்பே படாமல் ஒரு வேலையை முடிப்பது லேசா? கதைக்கு இங்கேயே ஒரு முடிச்சு கிடைத்துவிடுகிறது.

எடுத்ததை ஏழு நாள் நிழலில் உலர்த்தி, அம்மியில் பொடித்து, ஓர் ஆழாக்குப் புளித்த கேழ்வரகுக் கூழில், அதாவது சுமார் 168 மில்லியில், ராத்திரி முழுக்க ஊறவிட வேண்டும். கூழ் முந்தின நாளுடையதாக இருக்கணும். புளிப்பில்தான் பாசி கரையும், புதுக்கூழில் போட்டால் வயிற்றுவலிதான் மிச்சம். கலப்படம் பார்க்கவும் வழி வையுங்கள். நிஜப் பாசி இனங்களைப் பிரித்தறிய ஒரு சொட்டுக் காரநீர் விட்டு நிறம் பார்ப்பது தாவரவியலார் வழக்கம். நம் கதையில் வெற்றிலைமேல் ஒரு சிட்டிகைப் பொடி, அதன்மேல் ஒரு சொட்டுத் தெளிந்த சுண்ணாம்பு நீர். பத்து எண்ணுவதற்குள் செங்கல் நிறம் வந்தால் நல்ல சரக்கு. மஞ்சளாகவே நின்றால் போச்சம்பள்ளிச் சந்தையில் யாரோ தலையில் மிளகாய் அரைத்திருக்கிறார்கள்.

அளவு குன்றிமணிக் கணக்கு. ஒரு மணி சுமார் 120 மில்லிகிராம். ஒன்று போட்டால் மாட்டுப் புழுதி வாசம். இரண்டில் பழைய தமிழ் காதில் விழும், பாதிதான் புரியும். மூன்றில் கை தானாக வில் பிடிக்கும். நான்கில் தான் யார் என்பதில் குழப்பம். ஐந்துக்குப் பெயரே 'பட்டான் அளவு'. வீரன் செத்தபடியே குடித்தவனும் சாவான். புலிகுத்திக் கல்லின் பாசி என்றால் இரண்டாம் படியிலிருந்து ஒவ்வொன்றுக்கும் ஒரு மணி குறைத்துக்கொள்ளுங்கள். அதில் பயம் முந்திக்கொள்ளும்.

நேரத்தில்தான் எழுதுகிறவர்கள் அதிகம் கோட்டை விடுகிறார்கள். வெறும் வயிற்றில் இரண்டு நாழிகை, அதாவது 48 நிமிடத்தில் ஏறும். களி தின்றவனுக்கு நாலு நாழிகை. அவன் பொறுமையிழந்து, 'சரக்கு சரியில்ல' என்று, முதலில் போட்ட மூன்று குன்றிமணிக்கு மேல் இன்னொரு மூன்று போடுவான். இரண்டும் சேர்ந்து ஏறும்போது கணக்கு ஆறு. சாவுக்கு வில்லன் வேண்டியதில்லை, ஓர் உருண்டை களி போதும்.

பழக்கமும் அப்படித்தான். அடுத்தடுத்த நாள் குடிப்பவனுக்கு இரண்டு மணியின் பலன் கிடைக்க மூன்று தேவைப்படும். ஆனால் பட்டான் அளவு ஐந்திலேயே நிற்கும். நிஜத்திலும் சில பழைய தூக்க மருந்துகள் இப்படித்தான்: பலன் குறையும், உயிருக்கு ஆபத்தான அளவு அதே வேகத்தில் ஏறாது. இடைவெளி சுருங்கச் சுருங்க வாசகருக்குத் தானாகப் பதறும்.

பெயரை ஒன்றோடு நிறுத்தாதீர்கள். கணக்குப்பிள்ளை ஏட்டில் நடுகல்பாசி, குடிப்பவன் வாயில் 'கல்லுச்சோறு'. தேன்கனிக்கோட்டைப் பக்கம் கன்னடம் பேசுகிறவர்கள் கல்பாசியைச் சொல்கிற மாதிரியே 'கல்லு ஹூவு'. சமஸ்கிருத அடுக்குப்பெயர் வைத்தால் பொருள் சந்தையிலிருந்து மேடைக்குப் போய்விடும்.

கடைசியாக விலை. வந்த நினைவுக்கு இடம்விட்டு, குடித்தவனின் சொந்த நினைவில் ஒன்று போகும். எது போகும் என்பதில் ஓர் ஒழுங்கு வேண்டும். முதலில் மாடுகளின் பெயர், பிறகு வழிகள், பிறகு முகங்கள். அதனால் கூழ் ஊற்றும் கிழவி, கலத்தைக் கொடுக்குமுன் ஒரு கேள்வி கேட்பாள்: "உங்க அம்மா பொறந்த ஊரு எதுப்பா?" இறங்கினதும் அதையே மறுபடி கேட்பாள். அவன் யோசித்தால் நாற்பது நாள் கலம் கிடையாது. தப்பான ஊரைச் சொன்னால் அடுத்த ஐப்பசி வரை கிடையாது.