கட்சுவோ தத்தாகி: மேலே கருகலும் உள்ளே குளிர்ச்சியுமாக ஒரு கோடைக்கால மீன் உணவு

ஜப்பானின் ஷிகோக்கு தீவில், முன்பு தோசா என்று அழைக்கப்பட்ட கோச்சி மாகாணத்தில், சூரை மீனின் நீளத் துண்டுகளைக் கம்பிகளில் கோத்து, கொழுந்துவிட்டு எரியும் வைக்கோல் தீயில் சில நொடிகள் வாட்டி எடுக்கிறார்கள். கட்சுவோ என்பது சூரை. மாசிக் கருவாடு செய்யப்படும் அதே மீன்தான். தத்தாகி என்றால் தட்டுதல். வாட்டிய மீனில் உப்பையும் புளிப்புச் சாற்றையும் கையால் தட்டிச் சேர்ப்பதால் இந்தப் பெயர் வந்தது என்பர். குரோஷியோ நீரோட்டத்தோடு வசந்தத்திலும் கோடைத் தொடக்கத்திலும் வடக்கே செல்லும் சூரையில் கொழுப்புக் குறைவு என்பதால், எலுமிச்சைப் புளிப்போடு அது வெயில் காலத்துக்கு மிகப் பொருத்தமாக அமைகிறது.

வைக்கோல் தீ இல்லாத வீட்டுச் சமையலறையில், கனமான இரும்புச் சட்டியில் இதைச் செய்யும் முறையை இங்கே விளக்குகிறேன். அந்தப் புகை மணம் சட்டியில் கிடைக்காது. மற்றவை அனைத்தும் கிடைக்கும்.

மீனைத் தேர்ந்தெடுப்பதில் சிறிதும் விட்டுக்கொடுக்க வேண்டாம். இந்த உணவில் மீனின் நடுப்பகுதி பச்சையாகவே இருக்கும் என்பதால், மேலே வாட்டுவது உள்ளிருக்கும் அனிசாகிஸ் என்னும் ஒட்டுண்ணிப் புழுவைக் கொல்லாது. பச்சையாக உண்பதற்கென்றே உறைய வைத்து விற்கப்படும் துண்டை மட்டும் வாங்குங்கள். அதோடு, குளிர்ச்சியில்லாமல் கிடந்த சூரையில் ஹிஸ்டமின் என்னும் நச்சுப்பொருள் உருவாகும். எவ்வளவு சமைத்தாலும் அது அழியாது. ஆகவே குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்து மீனின் உறைவை நீக்க வேண்டும். வெளியில் வைக்கக் கூடாது. அத்தகைய மீன் கிடைக்காவிட்டால் இந்த உணவைத் தவிர்த்துவிட்டு, கிடைத்த மீனை முழுவதும் வேகவைத்து உண்பதே சரி. கர்ப்பிணிகளுக்கும் நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தவர்களுக்கும் இதைப் பரிமாற வேண்டாம்.

இருவருக்கு, தோலோடு கூடிய 300 கிராம் துண்டு போதும். மீனைத் தொடுவதற்கு முன்பே சாற்றைத் தயாரித்துவிடுங்கள்: 3 மேசைக்கரண்டி சோயா சாஸ், 2 மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு, 1 தேக்கரண்டி சர்க்கரை ஆகியவற்றைக் கலந்து குளிர வையுங்கள். கோச்சியில் யுசு என்னும் மணமிக்க எலுமிச்சை வகையைப் பிழிவார்கள்.

அடுத்து, மீனின் ஈரத்தைத் துணியால் ஒற்றி எடுத்து, அரைத் தேக்கரண்டி உப்பைத் தூவி, 10 நிமிடம் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, கசிந்த நீரை மீண்டும் ஒற்றி எடுங்கள். தொடக்க நிலையினர் பெரும்பாலும் தவறுவது இந்த இடத்தில்தான். மேற்பரப்பில் ஈரம் இருந்தால், சட்டியின் சூடு முழுவதும் அந்த நீரை ஆவியாக்குவதிலேயே செலவாகி, மீன் கருகாமல் வெந்துபோகும்.

சட்டியை அதிகத் தீயில் வைத்து, தவிட்டெண்ணெயை மெல்லிய படலமாகத் தடவி, இலேசாகப் புகை எழும் வரை காத்திருங்கள். ஒட்டாத பூச்சுள்ள சட்டி இவ்வளவு சூட்டுக்கு உகந்ததன்று. தோல் பக்கம் கீழே இருக்குமாறு மீனை வைத்து, தோல் சுருங்காதபடி கரண்டியால் மெல்ல அழுத்தி, ஏறக்குறைய 40 நொடிகள் வாட்டுங்கள். மற்றப் பக்கங்களுக்கு 15 நொடிகள் வீதம் போதும். துண்டின் முனையில் வெந்து வெளுத்த விளிம்பு அரை சென்டிமீட்டரைத் தாண்டுவதற்கு முன் எடுத்துவிட வேண்டும்.

எடுத்தவுடன் பனிக்கட்டி நீரில் முக்குவது பலரின் வழக்கம். அது வேகுவதை உடனே நிறுத்தினாலும் சுவையைக் கழுவிவிடுகிறது என்பது என் கருத்து. முன்கூட்டியே உறைபெட்டியில் குளிர வைத்த உலோகத் தட்டில் மீனைக் கிடத்தி, 15 நிமிடம் குளிர்பதனப் பெட்டியில் வைப்பதையே விரும்புகிறேன்.

பிறகு கூரிய கத்தியால், ஒரே இழுப்பில், 1 சென்டிமீட்டர் தடிமனுள்ள வில்லைகளாக வெட்டுங்கள். அதைவிட மெல்லியதாக வெட்டினால் கருகிய விளிம்புக்கும் சிவந்த நடுப்பகுதிக்கும் உள்ள வேறுபாடு நாவில் தெரியாது. வில்லைகளை அடுக்கி, பாதிச் சாற்றை ஊற்றி, விரல்களால் மெல்லத் தட்டுங்கள். மேலே நறுக்கிய வெங்காயத்தாள், துருவிய இஞ்சி, மெல்லிய பச்சைப் பூண்டுச் சீவல்கள் ஆகியவற்றைத் தாராளமாகப் பரப்பி, மீதிச் சாற்றோடு உடனே பரிமாறுங்கள். பூண்டைக் குறைக்க வேண்டாம். கோச்சிக்காரர்கள் வில்லைக்கு ஒரு சீவல் வைத்தே உண்கிறார்கள்.