ஜானகி அம்மையாரைப் பற்றி ஒரு பிள்ளையை ஐந்து நிமிடம் பேச வைப்பது எப்படி

தமிழ்ப்பள்ளியில் 31 ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். பேச்சுப் போட்டி அறிவிப்பு வந்ததும் கோலாலம்பூரின் செந்தூலில் உள்ள என் வீட்டுக்குச் சனிக்கிழமை காலையில் பெற்றோர் பிள்ளைகளை அழைத்து வந்துவிடுவார்கள். தலைவர்களின் துணைவியர் என்று தலைப்பு அமைந்தால், புவான்ஸ்ரீ ஜானகி ஆதி நாகப்பனை எடுத்துக்கொள்ளுங்கள் என்றுதான் சொல்வேன். அவர் கோலாலம்பூரில் பிறந்து வளர்ந்தவர். அப்படியிருந்தும் நம் பிள்ளைகளில் பலருக்கு அவர் பெயரே தெரியாதது எனக்கு நெடுநாள் வருத்தம்.

முதல் வேலை, "ஒவ்வோர் ஆணின் வெற்றிக்குப் பின்னாலும் ஒரு பெண் இருக்கிறாள்" என்ற வரியை அடித்துவிடுவது. ஒரு போட்டியில் நான்கு பிள்ளைகள் வரிசையாக இதையே சொல்லித் தொடங்கினார்கள். நான்காவது பிள்ளை வாய் திறந்தபோது நடுவர் ஒருவர் பேனாவைக் கீழே வைத்ததைப் பார்த்தேன். வரி பழசாகிப்போனது மட்டும் குறையில்லை. ஜானகி அம்மையாருக்கு அது பொருந்தவே பொருந்தாது. நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையில் அவர் சீருடை அணிந்தது 1943இல். கணவர் ஆதி நாகப்பன் சட்ட அமைச்சரானது 1970களில். இவர் யாருக்குப் பின்னால் நின்றார்?

அடுத்தது தகவல் தேடுவது. இங்கேதான் பெரும்பாலோர் தடுமாறுகிறார்கள். அந்தக் கால நாளிதழ்கள் மனைவியின் பெயரை அச்சிடுவதில்லை. "திருமதி" போட்டுக் கணவர் பெயரை எழுதிவிடும். ஆகவே ஒரே ஆளை மூன்று பெயர்களில் தேட வேண்டும். போர்க்காலச் செய்திகளுக்கு ஜானகி தேவர், பிறகு திருமதி ஆதி நாகப்பன், கடைசியில் புவான்ஸ்ரீ ஜானகி. ஆங்கில எழுத்தில் தேடும்போது ஜானகியின் கடைசி எழுத்தை ஐ என்றும் ஒய் என்றும் மாற்றிப் பாருங்கள். கணவர் பெயரைச் சேர்த்தும் பிரித்தும் போடுங்கள். தாமான் துன் டாக்டர் இஸ்மாயிலில் கணவர் பெயரில் ஒரு சாலை இருக்கிறது. அந்தப் பலகையில் ஒரே சொல்லாகத்தான் எழுதியிருக்கிறார்கள். சிங்கப்பூர்த் தேசிய நூலக வாரியத்தின் இணையத் தொகுப்பில் பழைய நாளிதழ்களைக் காசில்லாமல் படிக்கலாம். ஜாலான் துன் ரசாக்கில் உள்ள நம் தேசிய நூலகத்துக்கும் பிள்ளையை ஒருமுறையாவது அழைத்துப் போங்கள். பழைய தாளில் அச்சான பெயரைத் தன் விரலால் தொட்டுக் காட்டிய பிள்ளை, மேடையில் அந்தப் பெயரை முணுமுணுக்காது.

கிடைத்த தகவலை அப்படியே விழுங்காதீர்கள். நேதாஜியின் பேச்சைக் கேட்டபோது அவருக்கு வயது 16 என்று பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள். பிறந்தது 1925 பிப்ரவரி 25. நேதாஜி சிங்கப்பூருக்கு வந்தது 1943 ஜூலை. கழித்துப் பாருங்கள், 18. பிள்ளையையே கரும்பலகையில் கழிக்கச் சொல்லுங்கள். தானே கண்டுபிடித்த எண்ணை அது ஒருநாளும் மறக்காது.

இனி பேச்சின் உயிரான இடம். இந்தியாவின் விடுதலைக்கு முடிந்ததைக் கொடுங்கள் என்று நேதாஜி கேட்டார். ஜானகி காதிலிருந்த தங்கத் தோட்டைக் கழற்றிக் கொடுத்தார். எல்லாப் பிள்ளைகளும் இதை ஒரே மூச்சில் சொல்லிவிட்டு ஓடுகிறார்கள். போன ஆண்டு என்னிடம் வந்த ஆறாம் ஆண்டு மாணவி ஒருத்தியிடம், "உன் தோட்டைக் கழற்று பார்க்கலாம்" என்றேன். திருகாணி அழுக்கேறி இறுகியிருந்தது. ஒரு கையால் தோட்டின் முகப்பைப் பிடித்துக்கொண்டு, மறுகையின் நகத்தால் நெம்பி, காது மடல் சிவக்கச் சிவக்கத் திருகினாள். ஒரு காது முடிவதற்கே அரை நிமிடத்துக்கு மேல் ஆயிற்று. பிறகு வெறுங்காதைத் தடவிக்கொண்டு, "டீச்சர், அவங்க ரெண்டு காதுலயும் கழட்டுனாங்களா?" என்று கேட்டாள். அன்று முதல் அந்த வரிக்கு வந்ததும் அவள் தானாகவே நின்று, மூச்சுவிட்டு, அப்புறம்தான் அடுத்த சொல்லுக்குப் போனாள். கையை ஆட்டு, கண்ணை உருட்டு என்று எதையும் நான் சொல்லிக்கொடுக்கவில்லை.

அப்பாவின் எதிர்ப்பையும் விட்டுவிடக் கூடாது. வசதியான வீட்டுப் பெண் பட்டாளத்துக்குப் போகிறேன் என்றால் எந்த அப்பா சம்மதிப்பார்? அவர் மறுத்தார், மகள் விடாமல் மன்றாடினாள், கடைசியில் இசைந்தார். ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் 1943 அக்டோபர் 22 அன்று சிங்கப்பூரில் திறக்கப்பட்டது. தலைமை கேப்டன் லட்சுமி. சேர்ந்தவர்களில் நிறையப் பேர் ரப்பர் தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். இந்தத் தகவலைச் சொல்லும்போது குரல் ஓங்கட்டும், ஏனென்றால் கேட்கிறவர்களில் பாதிப்பேர் தோட்டத்து வேர் உள்ளவர்கள். ஜானகிக்கு முகாம் வாழ்க்கை முதலில் ஒத்துக்கொள்ளவில்லை. பழகினார், உயர்ந்தார், படையின் இரண்டாம் நிலைத் தளபதியானார். 1945 ஏப்ரலில் ரங்கூனைவிட்டுப் பின்வாங்கியபோது, விமானங்களுக்கு அஞ்சி இரவில் நகர்ந்து பேங்காக் நோக்கிப் போன பெண்களோடு அவரும் இருந்தார். பர்மாவைப் பற்றி இவ்வளவு போதும். போர்ச் செய்தியை நீட்டினால் ஆள் காணாமல் போய்விடுவார்.

1946இல் ஜான் திவி இந்தியர்களின் அரசியல் கட்சியான ம.இ.கா.வைத் தொடங்கியபோது ஜானகி உடன் நின்று உழைத்தார். இதைத் தனிப் பத்தியாகவே எழுதுங்கள். கணவருக்கு நான்கு வரி ஒதுக்குங்கள்: வழக்கறிஞர், ம.இ.கா. தலைவர்களில் ஒருவர், ஊராட்சி மன்றங்களை ஆராய 1965இல் அமைந்த அரச ஆணையத்தின் தலைவர், சட்ட அமைச்சர். அவரும் பெரிய மனிதர், மரியாதையோடு சொல்ல வேண்டும். ஆனால் ஐந்தாவது வரி வந்தால் பேச்சு அவருடையதாகிவிடும்.

பட்டங்களில் ஒரு நுட்பம் இருக்கிறது. புவான்ஸ்ரீ என்பது டான்ஸ்ரீ பட்டம் பெற்றவரின் மனைவிக்கு வருவது. 2000ஆம் ஆண்டில் இந்திய அரசு கொடுத்த பத்மஸ்ரீ ஜானகியின் சொந்தப் பெயருக்கு வந்தது. நாடாளுமன்ற மேலவையில் செனட்டராக அவர் அமர்ந்ததும் அப்படியே. பிள்ளைக்கு இது புரியாவிட்டால் முன்னாள் பிரதமர் துன் மகாதீரின் துணைவியார் டாக்டர் சித்தி ஹஸ்மாவைக் காட்டுங்கள். துன் பட்டம் பெற்ற ஒருவரின் மனைவி என்றால் தோபுவான் என்றுதான் அழைப்போம். அவரோ தமக்கே பட்டம் பெற்றதால் துன். கெடாவில் தாய்சேய் நலத்துக்காக உழைத்த மருத்துவர் அவர். ஒரு வரியில் சொல்லிவிட்டு ஜானகியிடம் திரும்பிவிடுங்கள்.

எழுத்து 400 சொல்லைத் தாண்டக் கூடாது. அதற்கு மேல் போனால் பிள்ளை மூச்சுவாங்கும். மனப்பாடம் ஆன பிறகு, தாளைப் பிடுங்கிவிட்டுப் பாட்டியிடமோ அண்டைவீட்டு அக்காவிடமோ கதையாகச் சொல்லச் சொல்லுங்கள். திக்குகிற இடத்தில் வாக்கியம் கனமாக இருக்கிறது என்று பொருள்; அதை இரண்டாக உடையுங்கள்.

கடைசியில் "நாமும் அவர் வழி நடப்போம்" என்று முடிக்க விடாதீர்கள். 2014 மே 9 அன்று, 89 வயதில், தம் வீட்டில் காலமானார் என்று சொல்லட்டும். பிறந்தபோது இருந்த பெயரையும் மறைந்தபோது இருந்த பெயரையும் ஒருமுறை முழுதாகச் சொல்லட்டும். பிறகு வணக்கம் கூறி இறங்கட்டும்.