காரின் உள்ளறைத் துரு: மெழுகு அடிக்கும்போது நாம் செய்யும் தவறுகள்

ஐப்பசி அடைமழை விட்டிருந்த ஒரு காலையில் காரின் பின்கதவைத் திறந்தேன். கதவுக்குள் தண்ணீர் தளும்பியது. இடுப்புக் குடத்தோடு நடக்கும்போது கேட்குமே, அதே ஓசை. அந்தக் கதவுக்குள் துரு பிடித்துவிடக் கூடாது என்று ஆறு மாதம் முன்பு, சித்திரை வெயிலில், டப்பா டப்பாவாக மெழுகு அடித்தவன் நான்தான். தெரிந்த டிங்கர் ஒருவர் வந்தார். கதவின் கீழ்விளிம்பை விரலால் தடவி, ஓரிடத்தில் மெல்லிய கம்பியால் குத்தினார். பழுப்புத் தண்ணீர் அவர் செருப்பின் மேல் கொட்டியது.

“நன்றாகத்தான் பாதுகாத்திருக்கிறீர்கள் அண்ணே, தண்ணீரை” என்றார்.

செட்டிநாட்டு வீட்டில் வளர்ந்தவனுக்கு இது முன்பே உறைத்திருக்க வேண்டும். நான்கு புறமும் சரிந்த ஓட்டுக்கூரையின் மழை முழுவதும் முற்றத்தில்தான் விழும். வீட்டுக்குள் தண்ணீரே வரக்கூடாது என்று நம் முன்னோர் அடம் பிடிக்கவில்லை. வந்த தண்ணீர் நிற்காமல் போக வழி வைத்தார்கள். கார்க் கதவும் அதே கணக்கு. கண்ணாடி ஏறி இறங்கும் இடுக்கு வழியே மழை உள்ளே இறங்கும், அடியில் இருக்கும் துளைகள் வழியே வடிந்துவிடும். அதைப் பழுது என்று நினைத்து அடைக்கப் போவதுதான் பழுது.

உள்ளறை என்று இங்கே சொல்வது, இரண்டு தகடுகளைச் சேர்த்துப் பற்றவைத்ததால் நடுவில் உண்டாகும் மூடிய இடங்களை. கதவுக்குக் கீழே முன்சக்கரத்திலிருந்து பின்சக்கரம் வரை ஓடும் சில் பெட்டி, கதவுகளின் அடிவயிறு, கூரையைத் தாங்கும் தூண்கள், அடித்தளத்தின் குறுக்குச் சட்டங்கள், பானெட்டின் உள்விளிம்பு, டிக்கி மூடியின் கீழ்மடிப்பு ஆகியவை அவற்றில் முக்கியமானவை. தகடும் தகடும் ஒட்டிக்கிடக்கும் மடிப்பில் தண்ணீர் தானாகவே ஏறிக்கொள்ளும், எளிதில் காயாது. துரு தான் தின்ற இரும்பைவிடப் பல மடங்கு இடம் பிடிப்பதால், உள்ளே வளர வளர மடிப்பை நெம்பித் திறக்கும். வெளிப் பெயின்ட்டில் கொப்புளம் தெரியும்போது உள்ளே வேலை பாதிக்கு மேல் முடிந்திருக்கும்.

துளையை அடைப்பது

என் தவறு இது என்பதால் முதலில் சொல்கிறேன். மெழுகு அடித்த மறுநாள் ஒவ்வொரு வடிதுளையையும் மெல்லிய பிளாஸ்டிக் குச்சியாலோ கேபிள் கட்டும் டேக்கின் நுனியாலோ குத்தித் திறந்துவிட வேண்டும். அன்றே திறந்தால் போதாது. மெழுகு இரவெல்லாம் மெல்ல இறங்கி அடியில் வந்து தேங்கும். கூரிய ஸ்குரூ டிரைவரால் குத்தினால் துளையின் விளிம்பில் பெயின்ட் பெயர்ந்து, துரு அங்கிருந்தே தொடங்கும்.

தெரிந்தே அடைப்பவர்களும் உண்டு. பூட்டிக்கிடக்கும் பெரிய வீட்டில் எலிக்குப் பயந்து, காரின் அடித்துளைகளில் துணியைத் திணிக்கிறார்கள். துணி தண்ணீரைக் குடித்துவிட்டு மாதக்கணக்கில் தகட்டோடு ஒட்டிக்கிடக்கும். வேறு சிலர் சில் பெட்டிக்குள் ஊதிப் பெருகும் ஃபோமை அடித்து நிரப்புகிறார்கள். ஃபோமுக்கும் தகட்டுக்கும் நடுவே புகுந்த ஈரத்துக்குப் பிறகு வெளியே வர வழியே இல்லை. புளித்த வினிகர் வாடை அடிக்கும் சிலிகான் பசையால் துளையை மூடுவது இன்னும் மோசம். அது இறுகும்போது வெளிவிடும் அசெட்டிக் அமிலமே இரும்பை அரிக்கக்கூடியது. தொழிற்சாலையே ரப்பர் மூடி போட்டு அனுப்பிய துளை மூடியோடு இருக்கட்டும். திறந்து விட்ட துளை திறந்தே இருக்கட்டும்.

செம்மண்ணா, துருவா?

நம் பகுதிக்கே உரிய குழப்பம் ஒன்று இருக்கிறது. சில் பெட்டியின் துளைக்குள் விரலை விட்டுப் பார்த்தால் செந்நிறப் பொடி வரும். பாதிப் பேர் துரு என்று பதறுகிறார்கள், மீதிப் பேர் வெறும் மண் என்று விட்டுவிடுகிறார்கள். இரண்டும் ஒரே நிறமாக இருப்பதில் வியப்பில்லை. செம்மண்ணுக்கு அந்த நிறத்தைக் கொடுப்பதும் இரும்பு ஆக்சைடுதான். பொடியைத் தண்ணீரில் குழைத்துப் பாருங்கள். மண் சேறாக வழவழவென்று கரையும். துரு செதிலாக, நறநறவென்று நிற்கும். கைபேசியோடு இணைக்கும் பாம்புக் கேமரா வாங்கி உள்ளே விட்டுப் பார்த்தால் சந்தேகமே மிஞ்சாது. இந்த வேலையில் காசுக்கு மதிப்பான கருவி அதுதான்.

மண்தான் என்று தெரிந்தாலும் அதன் மேலேயே மெழுகு அடிக்கக் கூடாது. மண் ஈரத்தைப் பிடித்துவைத்திருக்கும். மெழுகு மண்ணின் மேல் தோலாகப் படியுமே தவிர தகட்டைத் தொடாது. மூடிகளைக் கழற்றி, நல்ல தண்ணீரை மெதுவாக விட்டு, வெளியே தெளிவாக வரும்வரை கழுவுங்கள். உப்புக் கரிக்கும் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரால் கழுவினால், மண்ணை எடுத்துவிட்டு உப்பை வைத்ததாக ஆகும்.

உப்பு எவ்வளவு செய்யும் என்பதைச் சொல்ல நாம் வெளியூருக்குப் போக வேண்டியதில்லை. 1948இல் நேரு அடிக்கல் நாட்டி, 1953இல் திறக்கப்பட்ட சிக்ரி என்கிற மத்திய மின்வேதியியல் ஆய்வகம் காரைக்குடியில்தான் இருக்கிறது. அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து வரவழைத்த நிறுவனம் அது. உலோகம் அரிபடுவதை ஆராய்வது அதன் முக்கிய வேலைகளில் ஒன்று. அதற்காகக் கடல் சூழ்ந்த மண்டபம் என்கிற ஊரிலும் அது ஆய்வு நிலையம் வைத்தது காரணத்தோடுதான். இராமேசுவரத்துக்கும் தேவிபட்டினத்துக்கும் போய்வந்த கார், அந்தக் காற்றின் உப்பைத் தன் மடிப்புகளில் சுமந்துகொண்டுதான் வீடு திரும்புகிறது. திரும்பிய வாரமே அடிப்பகுதியை நல்ல தண்ணீரால் கழுவிவிடுவது, பிறகு அடிக்கும் எந்த மெழுகைவிடவும் பெரிய உதவி.

கழுவிய மறுநாளே மெழுகு அடிப்பது அடுத்த தவறு. வெளியே உலர்ந்த கார் உள்ளே உலர்ந்திருக்காது. மூடிகளைக் கழற்றி, கதவுகளைத் திறந்து வைத்து, பங்குனி சித்திரை வெயிலில் குறைந்தது இரண்டு மூன்று நாள் விடுங்கள். கம்ப்ரசர் இருந்தால் காற்றடிக்கலாம். ஆனால் மெழுகு அடிப்பது உச்சி வெயிலில் அல்ல. தகடு கொதிக்கும்போது அடித்தால் மெழுகு தண்ணீராக ஓடிக் கீழே வடிந்துவிடும், மேல்மடிப்பில் ஒன்றும் நிற்காது. காலை வேளையில், நிழலில், தகடு வெதுவெதுப்பாக இருக்கும்போது அடித்தால் மடிப்புக்குள் ஊறி அங்கேயே தங்கும். மழைக்காலம் தொடங்கிய பிறகு அவசரமாக அடிப்பதற்கு, அடுத்த கோடைவரை பொறுப்பதே மேல்.

எதை அடிக்கிறோம்

கடையில் ‘ஆன்டி ரஸ்ட்’ என்று கேட்டால் பெரும்பாலும் கறுப்பு அண்டர் கோட்டிங்கைத்தான் எடுத்துத் தருவார்கள். அது காரின் அடிப்பகுதியில் கல் தெறித்துப் பெயின்ட் போகாமல் இருப்பதற்கு. தடிமனாக இறுகும், மடிப்புக்குள் ஊறாது. சில ஆண்டுகளில் வெடிப்பு விட்டால் அந்த வெடிப்பு வழியே போன தண்ணீர் பூச்சுக்கும் தகட்டுக்கும் நடுவே ஒளிந்துகொள்ளும். உள்ளறைக்கு வேண்டியது ‘கேவிட்டி வேக்ஸ்’ என்று தனியாகக் கிடைக்கும் நீர்த்த மெழுகு. அது முதலில் எண்ணெய் போல மடிப்புகளில் ஊர்ந்து, கரைப்பான் ஆவியானதும் பிசுபிசுத்த படலமாக நிற்கும். முழுதாக இறுகாமல் இருப்பதே அதன் நற்குணம். சிறு கீறல் விழுந்தாலும் ஓரளவு தானே மூடிக்கொள்ளும்.

காசு மிச்சம் என்று கழிவு எஞ்சின் ஆயிலை அடிப்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். எஞ்சினில் ஓடிக் கறுத்த ஆயிலில் அமிலம், ஈரம், உலோகத் துகள் எல்லாம் கலந்திருக்கும். ரப்பர் புஷ்ஷுகளையும் கதவோர ரப்பர் பட்டையான பீடிங்கையும் அது ஊத வைக்கும். தோலுக்கும் கேடு. மழையில் கழுவிக்கொண்டு போய் ஊருணியில் சேர்வது தனிப் பாவம். வாட்டர் சர்வீஸ் முடிந்ததும் பளபளப்புக்காக அடிக்கும் டீசலும் இதே வகைதான். ரப்பரைக் கெடுக்கும், புழுதியை வரவேற்கும், சில நாளில் காணாமல் போகும்.

மெழுகுவர்த்தியை மண்ணெண்ணெயில் உருக்கி ஊற்றுவது வேறொரு வீட்டு வைத்தியம். அந்த மெழுகு ஏறக்குறைய 50 முதல் 60 டிகிரிக்குள் உருகிவிடும். சித்திரையில் வெயிலில் நிற்கும் பானெட் அந்தச் சூட்டைச் சுலபமாகத் தொடும். ஆறினால் விறைத்து வெடிக்கும். அடுப்பில் மண்ணெண்ணெயைச் சூடேற்றும் ஆபத்தைப் பற்றித் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

துருவை மாற்றும் திரவங்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. அவற்றில் ஒருவகை டானிக் அமிலத்தால் வேலை செய்கிறது. அது துருவோடு சேர்ந்து கருநீலச் சேர்மமாக மாறும். கடுக்காயும் அன்னபேதி என்கிற இரும்பு உப்பும் கலந்து அந்தக் காலத்தில் மை செய்தார்களே, அதே வேதியியல். நம் வீட்டுச் சுண்ணாம்புச் சுவருக்குள் போன கடுக்காய்க்கு இப்படியும் ஒரு உறவு இருக்கிறது என்பது எனக்குப் பிடித்த செய்தி. ஆனால் உள்ளறைக்கு இந்தத் திரவம் பொருந்தாது. செதில் துருவைத் தேய்த்தெடுத்த பிறகு மெல்லிய எச்சத்தின் மேல் பூசினால்தான் பலன்; கை நுழையாத இடத்தில் தேய்ப்பது எப்படி? ஃபாஸ்பாரிக் அமிலம் கலந்த வகையை அங்கே ஊற்றினால், துருவோடு சேராமல் மிஞ்சிய அமிலத்தைத் துடைக்கவும் வழியில்லை. உள்ளே மேலோட்டமான துரு இருந்தால், நன்றாக உலர்த்தி, ஊறும் தன்மையுள்ள மெழுகை நேராக அடித்துவிடலாம்.

எப்படி அடிக்கிறோம்

டப்பாவோடு வரும் குட்டிக் குழல் ஒரு திசையில் மட்டும் பீய்ச்சும். உள்ளறைக்கு, நுனியில் எல்லாப் பக்கமும் தெளிக்கும் துவாரங்கள் கொண்ட, முக்கால் மீட்டருக்குக் குறையாத வளையும் குழல் வேண்டும். அதைக் கடைசிவரை நுழைத்துவிட்டு, அழுத்தியபடியே மெதுவாக வெளியே இழுக்க வேண்டும். பலர் நுழைக்கும்போதே அடிப்பார்கள். அப்போது வாசலில் மெழுகு குவியும், கோடியில் தகடு வெறுமையாக நிற்கும். குழலின் முனையிலிருந்து ஒரு சாண் தள்ளி வண்ண டேப் ஒட்டிவிடுங்கள். டேப் தெரிந்ததும் நிறுத்தினால் முகத்தில் தெறிக்காது. முதலில் பழைய அட்டைப்பெட்டிக்குள் அடித்து, பிறகு அதைக் கிழித்துப் பார்த்தால் தெளிப்பு எப்படி விழுகிறது என்பது புரிந்துவிடும்.

புதிதாகத் துளை போட ட்ரில்லை எடுப்பது, இதில் எனக்கு உண்மையாகவே அச்சம் தரும் தவறு. இன்றைய கார்களின் தூண்களுக்குள் ஏர்பேக், சீட் பெல்ட்டை இழுத்துப் பிடிக்கும் வெடிவிசைக் கருவி, வயர்கள் எல்லாம் இருக்கின்றன. மின்சாரக் கார்களின் அடியில் உயரழுத்தக் கேபிள் ஓடும். தொழிற்சாலையிலேயே உடற்கூட்டைப் பூச்சுத் தொட்டியில் முழுக்கி எடுக்கும்போது திரவம் உள்ளே போய் வெளியே வர ஏராளமான துளைகள் வைத்திருக்கிறார்கள். கால்மிதி ஓரப் பிளாஸ்டிக்கைக் கழற்றினால், விளக்கை எடுத்தால், பீடிங்கை விலக்கினால் அவை தெரியும். பெரும்பாலான உள்ளறைகளுக்கு அந்த வழிகளே போதும். பெல்ட் சுருளும் இடத்தில் மெழுகு பட்டுவிடக் கூடாது. பிரேக் டிஸ்க்கிலும் சைலன்சரிலும் கூடாது.

கதவின் உள்பலகையைக் கழற்றும்போது அதன் பின்னே ஒட்டியிருக்கும் பிளாஸ்டிக் தாளைக் கிழித்துவிட்டு, அப்படியே மூடிவிடுவார்கள். அந்தத் தாள்தான் கதவுக்குள் இறங்கும் மழையைக் காரின் தரைவிரிப்புக்கு வராமல் தடுக்கிறது. அதைத் திரும்ப ஒழுங்காக ஒட்டுங்கள்.

காருக்கு அடியில் போவதென்றால் ஜாக்கியை மட்டும் நம்பாதீர்கள், ஸ்டாண்டு கொடுங்கள். காற்றோட்டமான இடத்தில், முகமூடியோடு, பக்கத்தில் கற்பூரமோ அடுப்போ இல்லாமல் செய்யுங்கள். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் வேண்டவே வேண்டாம். சூளையில் சுடாத சிமென்ட் கல் அது. மெழுகின் கறை ஊறினால் ஆச்சியிடம் கேட்கும் ஏச்சு அந்தக் கல்லோடு சேர்ந்து நெடுநாள் நிற்கும்.

மெழுகு செய்யாதவை

பழைய அம்பாசிடர் வைத்திருப்பவர்கள், “அதற்குக் கீழே தனி சேஸ் இருக்கிறது, சில் உளுத்தால் என்ன” என்பார்கள். அம்பாசிடருக்குத் தனி சேஸ் கிடையாது. உடற்கூடே சுமையைத் தாங்கும் அமைப்பு அது. சில் பெட்டி பொத்துப்போன வண்டிக்கு மெழுகும், பள்ளத்தை நிரப்பிப் பூசும் பட்டியும் வைத்தியம் ஆகாது. தகட்டை வெட்டிப் புதிது வைத்துப் பற்றவைக்க வேண்டும். ஏற்கெனவே மெழுகு அடித்த வண்டி என்றால் வெல்டிங் தொடங்கும் முன் டிங்கரிடம் கட்டாயம் சொல்லிவிடுங்கள். உள்ளே இருக்கும் மெழுகு தீப்பிடிக்கும்.

வேப்பமரத்தடியில் நிற்கும் காரில் முன்கண்ணாடிக்குக் கீழே உள்ள பள்ளம் சருகால் அடைபட்டால், தண்ணீர் வேறு வழி தேடும். ஏசி தண்ணீர் வெளியேறும் குழாய் அடைபட்டால் தரைவிரிப்புக்கு அடியில் குளம் கட்டும். இரண்டையும் மெழுகு தீர்க்காது. திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் மட்டும் திறக்கும் வீட்டில் மாதக்கணக்கில் நிறுத்திவைக்கும் காரை, ஈரத்தோடு பிளாஸ்டிக் உறை போட்டு மூடாதீர்கள். மண்தரையைவிடச் சிமென்ட் தளம் நல்லது, உறையைவிடக் கூரை நல்லது.

நான் இப்போது ஆண்டுதோறும் புரட்டாசிக் கடைசியில் ஒன்று செய்கிறேன். கண்ணாடியை ஏற்றிவிட்டு, அதன் வெளிப்புற அடியோரமாக ஒரு சொம்புத் தண்ணீர், ஒவ்வொரு கதவுக்கும். அரை நிமிடத்துக்குள் கீழே சொட்டத் தொடங்க வேண்டும். போன ஆண்டு இடப்பக்கப் பின்கதவு மட்டும் சொட்டவில்லை. குச்சியை எடுத்துக்கொண்டு குனிந்தேன். செருப்பை முன்பே கழற்றி வைத்திருந்தேன்.