ஹாப்ஸ், லாக், ரூசோ: எங்கிருந்து தொடங்குவது?

அரசியல் தத்துவத்தின் செவ்வியல் நூல்களை முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் படிக்கத் தொடங்குபவர்களில் பலர் பாதியிலேயே நிறுத்திவிடுகிறார்கள். தாமஸ் ஹாப்ஸ் 1651-இல் வெளியிட்ட ‘லெவயதன்’ 47 அத்தியாயங்கள் கொண்டது. அதன் தொடக்கமோ புலனுணர்வு, கற்பனை, சொற்கள் என்று நீள்வதால், அரசியல் எங்கே வருகிறது என்ற சலிப்பு எழுவது இயல்பே.

ஆகவே நேராக 13-ஆம் அத்தியாயத்துக்குச் செல்லுங்கள். சில பக்கங்களே உள்ள அப்பகுதியில், அனைவரையும் அடக்கிவைக்கும் பொது அதிகாரம் இல்லாதபோது மனிதர்கள் போட்டியாலும் அச்சத்தாலும் புகழாசையாலும் ஒருவரோடொருவர் மோதுவார்கள் என்று, இங்கிலாந்தின் உள்நாட்டுப் போர்க் காலத்தில் பாரிஸில் தங்கியிருந்து எழுதிய ஹாப்ஸ் வாதிடுகிறார். அடுத்து, ஜான் லாக்கின் ‘அரசாங்கம் பற்றிய இரண்டாம் ஆய்வுரை’யில் 2-ஆம் அத்தியாயத்தைப் படித்தால், அதே நிலையில்கூட அறிவு காட்டும் இயற்கைச் சட்டம் மனிதர்களைக் கட்டுப்படுத்துகிறது என்ற மறுதரப்பு கிடைக்கும். மூன்றாவதாக, ரூசோ 1755-இல் வெளியிட்ட, சமத்துவமின்மையின் தோற்றம் பற்றிய நூலின் முதல் பகுதி. சமூகத்தில் கற்றுக்கொண்ட குணங்களையே முந்தைய சிந்தனையாளர்கள், சமூகம் உருவாகும் முன் வாழ்ந்ததாகக் கருதப்படும் இயற்கை மனிதன்மேல் ஏற்றிவிட்டார்கள் என்ற அவருடைய குற்றச்சாட்டு, மேற்கண்ட இரண்டையும் படித்தவருக்கே முழுமையாக விளங்கும் என்பது என் கருத்து.

படிக்கும்போது ஒரு தாளை மூன்று பத்திகளாகப் பிரித்து, மனிதன் எதற்கு அஞ்சுகிறான், எதற்காக அரசை ஏற்கிறான், எப்போது அதை எதிர்க்கலாம் என்ற கேள்விகளுக்கு ஒவ்வொருவரும் தரும் விடையை உங்கள் சொந்தச் சொற்களில் எழுதிவாருங்கள். மேலே சொன்ன ஹாப்ஸ், லாக் அத்தியாயங்கள் இரண்டும் எதிர்ப்பைப் பற்றி அதிகம் பேசுவதில்லை. அங்கே விழும் வெற்றிடத்தை நிரப்ப, லாக்கின் கடைசி அத்தியாயத்தையும் ‘லெவயதன்’ 21-ஆம் அத்தியாயத்தையும் புரட்டினால் போதும்.